தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்ங்கிற ஜெர்மன் படத்துல ஒட்டுக்கேட்கிற ஆபீசரா வர்றவர் யாருங்க?

தூக்கம்கெட்டவன்:
நேத்து ராத்திரி பதினொன்றரைக்கு சும்மா பத்து நிமிஷம் பாத்துட்டு தூங்கலாம்னு போட்டேன், முடியறப்ப ரெண்டு மணி ஆயிடுச்சு. 1984, கிழக்கு பெர்லின், ஒரு நாடக ஆசிரியர் வீடு முழுக்க மைக் வச்சுட்டு மேல பரண்ல ஹெட்போன் மாட்டிக்கிட்டு உக்காந்திருக்கிற ஸ்டாசி (கிழக்கு ஜெர்மனியோட ரகசிய போலீஸ்) ஆபீசர் வீஸ்லர். அந்தாளு முகத்துல ஒரு நரம்பு கூட அசையல ஆனா உள்ள என்னமோ இடிஞ்சு விழறது நமக்கு நல்லா தெரியுது. அதுலயும் அந்த லிஃப்ட் சீன்! பந்தோட ஒரு பொடியன் உள்ள வந்து நீங்க ஸ்டாசியாமே, ஆளுங்கள புடிச்சு ஜெயில்ல போடுவீங்களாம், எங்கப்பா சொன்னாருங்கிறான். இவரு பழக்க தோஷத்துல "உன்னோட... பேரு என்ன"ன்னு ஆரம்பிச்சு நடுவுல அப்படியே நிக்கிறாரு. என்னோட எதுங்கிறான் பையன். ஒரு செகண்ட் யோசிச்சு, பந்துங்கிறாரு. அங்க நான் பாஸ் பண்ணிட்டு எழுந்து தண்ணி குடிச்சேன். யாரு இவரு, இதுக்கு முன்னாடி எங்க இருந்தாரு?

பழையரீல்:
உல்ரிச் மூஹே. 1953ல சாக்சனி பக்கம் கிரிம்மாங்கிற சின்ன ஊர்ல பொறந்தவர், அப்பாவுக்கு தோல்-ரோமத்துல கோட்டு தைக்கிற தொழில். இவரு ஸ்கூல் முடிச்சதும் கட்டட வேலைக்கு ட்ரெயினிங், அப்புறம் கட்டாய ராணுவ சேவை. எங்க போட்டாங்க தெரியுமா, பெர்லின் சுவர்ல காவலுக்கு. அங்க வயித்துல அல்சர் வந்துதான் வெளிய வந்தாரு. அதுக்கப்புறம் லைப்சிக்ல நடிப்பு படிச்சு நாடகத்துக்கு போனவர். ஜெர்மன் டிவி ரசிகர்களுக்கு வீஸ்லருக்கு ரொம்ப முன்னாடியே இவரு தெரிஞ்ச முகம், இசட்டிஎஃப் சேனல்ல 1998ல இருந்து 2007 வரைக்கும் டெர் லெட்ஸ்டே ட்சாய்கேனு ஒரு க்ரைம் சீரியல், 'கடைசி சாட்சி'ன்னு அர்த்தம், அதுல பிணப்பரிசோதனை டாக்டர் கோல்மாரா வருவாரு. கடைசி சாட்சி யாருன்னா பொணந்தான். நல்ல டைட்டில்ல?

மேடைப்பித்து:
சினிமாவ வச்சு மட்டும் இவர எடை போட்டா பாதி ஆளுதான் கெடைப்பாரு. நாடக ஆசிரியர், இயக்குநர் ஹைனர் முல்லர் கூப்பிட்டு கிழக்கு பெர்லினுக்கு வந்தவர், 1983ல அங்க டாய்ச்சஸ் தியேட்டர்ங்கிற நாடக அரங்குல சேந்து அங்க பெரிய ஸ்டார் ஆயிட்டாரு. 1989 நவம்பர் 4, கிழக்கு பெர்லின் அலெக்ஸாண்டர்பிளாட்ஸ் சதுக்கத்துல ஆட்சிய எதிர்த்து லட்சக்கணக்குல ஜனம் கூடுச்சே, அத ஏற்பாடு பண்ணதே நாடகக்காரங்கதான், இவரு அந்த மேடையில ஏறி அதிகாரம் ஒரே கட்சி கையில இருக்கிறது செல்லாதுன்னு பேசுனாரு. சுவர் திறந்தது அஞ்சு நாள் கழிச்சு! பேசுறப்ப அது திறக்கும்னு அவருக்கு எப்படி தெரியும். அந்த நேரத்துல முல்லரோட ஹாம்லெட்டுக்கு ரிகர்சல் வேற போயிட்டிருந்துச்சு. 1990 மார்ச்ல மேடை ஏறுறப்ப, ஏழெட்டு மணி நேர நாடகம், ஹாம்லெட்டா இவரு, வெளிய கிழக்கு ஜெர்மனிங்கிற ஒரு நாடே காலாவதி ஆயிட்டிருக்கு.

தூக்கம்கெட்டவன்:
யப்பா. இன்னொண்ணு, அவரு பொண்டாட்டியே அவர ஸ்டாசிக்கு போட்டுக் கொடுத்தாங்கன்னு ஒரு வீடியோல சொன்னாங்களே நிஜமா?

கறார்கமலா:
தம்பி, அத அப்படி ஒரே வரியில பரப்பாதீங்க. தன்னப் பத்தின ஸ்டாசி ஃபைல்ல, தன்னோட சேந்து நடிச்ச நாலு பேரு தன்ன உளவு பாத்ததா இருந்துச்சுன்னு அவரு சொன்னது உண்மை, முன்னாள் மனைவி யென்னி க்ரோல்மான் பத்தியும் சொன்னாரு. அந்தம்மாவும் பெரிய நடிகை, நான் தெரிஞ்சு யாருக்கும் தகவல் குடுக்கலன்னு அடியோட மறுத்து கோர்ட்டுக்கு போனாங்க, தீர்ப்பு அவங்க பக்கம் வந்துச்சு. ஃபைல் எழுதுன ஆபீசரே பின்னாடி நெறய நானா இட்டுக்கட்டுனது, அவங்களுக்கு நான் யாருன்னே தெரியாதுன்னு சொன்னாரு. 2006 ஆகஸ்ட்ல அவங்க இறந்துட்டாங்க. ஒட்டுக்கேட்டு ரிப்போர்ட் எழுதுறவன் அதுல பொய்யும் எழுதலாம்னு இந்தப் படமே காட்டுது, அதப் பாத்துட்டும் ஃபைல்ல இருக்கிறதெல்லாம் வேதம்ங்கிறீங்க.

பழையரீல்:
கமலாக்கா சொல்றது சரி. ஆனா இந்த ரோலுக்கு எப்படி தயாரானீங்கன்னு கேட்டப்ப ஞாபகப்படுத்திப் பாத்தேன்னு மட்டும் சொன்னவர் அவரு, வாழ்க்கைய தனியா பிரிச்சு வைக்கவும் முடியாது.

மேடைப்பித்து:
அந்த பதில எல்லாரும் புடிச்சிக்கிட்டாங்க, எனக்கு அதுல கொஞ்சம் எரிச்சல். அனுபவிச்சவன் எல்லாம் நடிக்க முடியும்னா கிழக்கு ஜெர்மனில ஒன்றரை கோடிப் பேருக்கு மேல நடிகர்தான். டைரக்டர் ஹனகேவோட பென்னிஸ் வீடியோ (1992) பாருங்க, மகன் ஒரு பொண்ண கொன்னுட்டான்னு தெரிஞ்ச அப்பாவா மூஹே. கத்தல அழல, உடம்ப எவ்ளோ சின்னத் துண்டா வெட்டுனா தடயம் இல்லாம போகும்னு வீட்டு பட்ஜெட் போடற மாதிரி பேசுவாரு, பக்கத்துல அம்மாவுக்கு சிரிப்பு பொத்துக்கிட்டு வரும். அதுல எந்த ஸ்டாசி இருக்கு? அப்புறம் ஃபன்னி கேம்ஸ் (1997), ஆரம்பத்துலயே கோல்ஃப் மட்டையால கால ஒடச்சிடுவாங்க, மிச்சப் படம் முழுக்க நகர முடியாத அப்பா. மனைவியா வர்ற சூசன்ன லோதார் நிஜத்துலயும் அவரு மனைவிதான். தூக்கம் வராத ஆளு ராத்திரில போட்றாதீங்க, சொல்லிட்டேன்.

கறார்கமலா:
படத்து மேல ஒரு குறையும் உண்டு. ஹோஹென்ஷோன்ஹவுசன்ல இருக்கிற பழைய ஸ்டாசி ஜெயில் நினைவிடத்துல ஷூட்டிங்குக்கு அனுமதி தரல, ஸ்டாசிகாரன ஹீரோ ஆக்குறீங்கன்னு. அது நியாயமான கோவம். அப்படியும் மூஹே நடிப்புல ஹீரோத்தனம் கொஞ்சமும் இல்ல, கடைசில தெருத்தெருவா லெட்டர் பொட்டில நோட்டீஸ் போட்டுட்டு போற ஆளாத்தான் தெரியறாரு.

தூக்கம்கெட்டவன்:
இப்ப என்ன பண்றாரு? புதுசா ஏதாவது வருதா?

பழையரீல்:
இல்லப்பா. 2007 பிப்ரவரில படத்துக்கு ஆஸ்கார் கெடச்சப்ப லாஸ் ஏஞ்சல்ஸ்ல இருந்தாரு, அங்கேந்து ஊருக்கு வந்ததும் வயித்துல ஆபரேஷன். கேன்சர். ஜூலை 22 போயிட்டாரு, 54 வயசு. சுவர் டூட்டி அல்சரையும் இதையும் முடிச்சு போட்டு எழுதறவங்க இருக்காங்க, எனக்கு அதுல உடன்பாடு இல்ல. மக அன்னா மரியா மூஹே இப்ப நல்ல நடிகை.

தூக்கம்கெட்டவன்:
அடப்பாவமே. அந்த கடைசி புத்தகக்கடை சீன்ல கிஃப்ட் பேப்பர் சுத்தணுமான்னு கேப்பானே, வேணாம் இது எனக்குன்னு சொல்வாரே, அத மட்டும் மறுபடி போட்டு பாத்துட்டு வர்றேன்.