புதுப்பிப்பு: கோவையிலிருந்து ஒரே நாளில் கொச்சி அரண்மனைகள்

கோவையிலிருந்து ஏழு பேர் ஒரே நாளில் திருப்பூணித்துறை, மட்டாஞ்சேரி அரண்மனைகளையும் ஃபோர்ட் கொச்சியையும் பார்க்க இயலுமா என்று கேட்டிருந்தேன். வழி சொன்ன அனைவருக்கும் நன்றி. இயன்றது. திருப்பூணித்துறை அரண்மனைக்குத் திங்களும் மட்டாஞ்சேரி அரண்மனைக்கு வெள்ளியும் விடுமுறை என்பதால் புதன்கிழமை விடியற்காலை நான்கரைக்கு வேனில் கிளம்பி, திருப்பூணித்துறையை அதன் நண்பகல் இடைவேளைக்கு முன்பே பார்த்து முடித்தோம். வேனை எறணாகுளத்திலேயே நிறுத்திவிட்டு, உயர் நீதிமன்றப் படகுத்துறையிலிருந்து வாட்டர் மெட்ரோ படகில் ஃபோர்ட் கொச்சிக்குச் செல்லலாம் என்று ஒருவர் சொன்ன யோசனைதான் நெரிசலிலிருந்து எங்களைக் காப்பாற்றியது. அங்கிருந்து மட்டாஞ்சேரிக்கு ஆட்டோ போதும். எதிர்பாராதது ஒன்று: நடக்கவே சலித்துக்கொண்ட அப்புச்சி (அம்மாவின் அப்பா), மட்டாஞ்சேரியின் இராமாயணச் சுவரோவியங்களுக்கு முன் அரை மணி நேரம் அசையாமல் நின்றுவிட்டார். அதனால் ஃபோர்ட் கொச்சியின் சீன மீன்பிடி வலைகளைப் பார்க்கும்போது பொழுது சாய்ந்திருந்தது. கட்டுச்சோற்றை அங்கேதான் பிரித்தோம்.