கிழவி வேடம் தரிப்பவர்களுக்குத் தெரேசே கீசேயிடம் கற்க என்ன இருக்கிறது?

தோட்டத்து வாசகி (சுங்கை சிப்புட், மலேசியா):
அனைவருக்கும் வணக்கம். எங்கள் தோட்டத்துக் கோயில் மண்டபத்தில் திருவிழாதோறும் நாடகம் போடுகிறோம். முப்பது வயதில் தலையில் அரிசி மாவைத் தடவிக்கொண்டு முதன்முதலாகப் பாட்டியாக மேடையேறிய எனக்கு, அன்று முதல் அதே வேடந்தான் அமைகிறது. ஜெர்மன் நடிகை தெரேசே கீசே குணச்சித்திர வேடங்களாலேயே உயர்ந்தவர் என்று அறிந்தேன். அவரைப் பற்றி விவரமாகச் சொல்வீர்களா?

ஓய்வுபெற்ற தமிழாசிரியர்:
வணக்கம், அம்மா. 1898-இல் மியூனிக் நகரில் யூதக் குடும்பமொன்றில் பிறந்தவர் அவர். 1933 ஜனவரி 1 அன்று, ஹிட்லர் ஆட்சியைப் பிடிப்பதற்கு ஏறத்தாழ ஒரு மாதம் இருக்கையில், எழுத்தாளர் தாமஸ் மன்னின் பிள்ளைகளான எரிக்கா மன், கிளவுஸ் மன் ஆகியோருடன் 'மிளகு ஆலை' என்று பொருள்படும் பெயரில் ஓர் அரசியல் அங்கத அரங்கைத் தொடங்கினார். சில வாரங்களிலேயே நாட்டை விட்டு வெளியேற நேர்ந்தது. அவ்வாண்டே சுவிட்சர்லாந்தின் சூரிக்கில் அதே அரங்கை மீண்டும் திறந்தார்கள். 1936-இல் ஆங்கில எழுத்தாளர் ஜான் ஹாம்ப்சனை மணந்தது பிரிட்டிஷ் கடவுச்சீட்டுக்காகவே.

1941 ஏப்ரலில், ஜெர்மன் நாடகாசிரியர் பெர்டோல்ட் பிரெக்டின் 'மதர் கரேஜ்' நாடகம் சூரிக்கில் முதன்முறையாக அரங்கேறியபோது, தலைமை வேடத்தை ஏற்றவர் இவரே. அப்போது அவருக்கு வயது 43. போர்க்களங்களின் பின்னால் வண்டி இழுத்து வியாபாரம் செய்யும் அந்தத் தாய், மகனின் உயிரை மீட்கக் கொடுக்க வேண்டிய பணத்துக்குப் பேரம் பேசிப் பேசியே அவனை இழக்கிறாள். அவனுடைய உடலைக் கொண்டுவந்து காட்டும்போது, தன் உயிருக்கும் பிழைப்புக்கும் பயந்து, 'தெரியாது' என்று தலையசைக்கிறாள். சூரிக் விமர்சகர்கள் அவளைப் பிள்ளைகளைப் பறிகொடுத்த தாயாகவே கண்டு உருகினார்கள். பிரெக்டுக்கு அது உடன்பாடில்லை; அவளுக்குள் இருக்கும் வியாபாரியும் தெரிய வேண்டும் என்று சில காட்சிகளைத் திருத்தினார். 1950-இல் மியூனிக்கில் அவரே இயக்க, கீசே மீண்டும் அதே வேடத்தில் நடித்தார். என் மனத்தில், கீசேயின் வாழ்வில் இந்த இரண்டு மேடைகளுக்கு இடைப்பட்ட காலமே மிகவும் படிக்கத்தக்கது.

திரைப்பட ரசிகர் (கிள்ளான்):
ஐயா கூறியவற்றுடன் இதையும் சேர்க்க விரும்புகிறேன். 1956-இல் சூரிக்கில் சுவிஸ் நாடகாசிரியர் டூரென்மாட்டின் 'முதிய சீமாட்டியின் வருகை' அரங்கேறியபோது பழிவாங்க வரும் செல்வச் சீமாட்டியாகவும், 1962-இல் 'இயற்பியலாளர்கள்' நாடகத்தில் மனநல மருத்துவராகவும் நடித்தார். திரையில் அவருக்குக் கிடைத்தவை பெரும்பாலும் சிறிய வேடங்கள். ஆனால் பிரெஞ்சு இயக்குநர் லூயி மால் இயக்கிய 'லக்கோம்ப், லூசியன்' படத்தில், 1974-இல், அதிகம் பேசாத யூதப் பாட்டியாக வருகிறார். வசனத்துக்காகக் காத்திருக்கும் நடிகர்கள் அவர் உட்கார்ந்திருக்கும் விதத்தைப் பார்த்தாலே போதும். மறு ஆண்டு மியூனிக்கில் காலமானார்.

தோட்டத்து வாசகி:
ஆசிரியர் ஐயாவுக்கும் தம்பிக்கும் மிக்க நன்றி. பேரம் பேசும் அந்தத் தாயைப் படித்தவுடன் ஒரு காட்சி நினைவுக்கு வந்தது. ரப்பரை அழித்துச் செம்பனை நட்டபோது எங்கள் லயத்திலிருந்து (தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளிலிருந்து) வெளியேறிய பக்கத்து வீட்டுப் பாட்டி, லாரியில் ஏறுவதற்கு முன், சாக்கில் கட்டியிருந்த, ரப்பர் பால் சேகரிக்கும் மங்குகளை ஒவ்வொன்றாக எடுத்து இரண்டு முறை எண்ணினார். ஒன்று குறைந்ததும், லாரிக்காரர் கத்துவதைப் பொருட்படுத்தாமல், உள்ளே போய்த் தேடிக் கொண்டுவந்தார். அழவில்லை. இத்தனை வருடமும் நான் மேடையில் பாட்டியாக அழுதுகொண்டே இருந்திருக்கிறேன். இந்த முறை அந்த எண்ணிக்கையைத்தான் செய்து பார்க்கப் போகிறேன்.