டகேஷி சகாமோட்டோவை எந்தப் படத்தில், எங்கே கவனிப்பது?

ஜப்பானிய நடிகர் சகாமோட்டோவை (1899–1974) பார்க்கத் தொடங்குகிறவர்கள் எடுத்த எடுப்பில், கிஹாச்சி என்ற பாத்திரமாக அவர் நடித்த படங்களுக்குப் போக வேண்டாம். முதலில் இயக்குநர் ஓசுவின் 'தோக்யோ நோ கோரஸ்' (1931). வேலையிலிருந்து நீக்கப்படும் வயதான ஊழியர் அவர்தான்; அவருக்காக வாதாடப் போய்த்தான் கதாநாயகன் தன் வேலையையும் இழக்கிறான். அடுத்து 'உமாரேதே வா மிதா கெரேதோ' (1932). இதில் அவரே முதலாளி இவாசாகி. வீட்டில் திரையிடும் சொந்தப் படச்சுருளில், தான் கெய்ஷாக்களோடு (விருந்துகளில் ஆடிப் பாடும் பெண்கள்) நிற்கும் காட்சி எதிர்பாராமல் வந்துவிடுகிறது. மனைவியோ கூடவே உட்கார்ந்திருக்கிறார். அந்த மாலையில் நம் கண் சிறுவர்கள் மேலும், கோமாளித்தனம் செய்யும் அப்பா டட்சுவோ சைட்டோ மேலும்தான் இருக்கும். இரண்டாவது முறை ஓட்டும்போது முதலாளியை மட்டும் பாருங்கள். ஓராண்டு இடைவெளியில் அதே ஆள், அதே ஷோச்சிக்கு நிறுவனம், முழுக்க வேறு உடம்பு.

*

மேலே சொன்னது சரி. ஆனால் டிவியில் பார்ப்பவர்கள் ஒன்றைச் சரிசெய்யாமல் ஆரம்பித்தால் பாதி நடிப்பு போய்விடும். இவை 4:3 சட்டகத்தில் எடுத்த மௌனப் படங்கள். 16:9 திரையை நிரப்ப 'ஜூம்' போட்டால் உயரத்தில் கால் பங்கு வெட்டுப்படும். ஓசுவின் கேமரா பாய்மட்டத்தில் இருப்பதால், தரையில் உட்கார்ந்திருக்கும் சகாமோட்டோவின் கையும் முழங்காலும் சட்டகத்தின் அடி ஓரத்தில்தான் இருக்கும். முதலில் காணாமல் போவது அதுதான். இழுத்து நிரப்பினாலோ, ஏற்கெனவே குண்டான மனிதர் இன்னும் அகலமாகித் தெரிவார். இருபுறமும் கறுப்புப் பட்டை இருக்கட்டும்.

வேகமும் உண்டு. நொடிக்கு 18 சட்டக வேகத்துக்கான படத்தை 24-இல் ஓட்டினால் மூன்றில் ஒரு பங்கு வேகம் கூடும். சொறிவது, தயங்குவது எல்லாம் சர்க்கஸ் ஆகிவிடும். எல்லாப் பிரதியிலும் இந்தக் கோளாறு இல்லை. பின்னணியில் நடந்துபோகிறவர்களைப் பாருங்கள். அவர்கள் துள்ளினால் ஒலியை அணைத்துவிட்டு 0.75 வேகத்தில் வையுங்கள்.

ஓசுவின் 'தொக்கான் கோஸோ'வை (1929) வைத்து அவரை எடைபோட வேண்டாம். சுமார் 38 நிமிடப் படம் அது. நம் கைக்கு வந்திருப்பது வீட்டு உபயோகத்துக்கான 9.5 மி.மீ. சுருக்கப் பிரதி வழியாகத்தான்.

*

இனி கிஹாச்சி. 'தெகிகோகோரோ'வின் (1933) தொடக்கத்தில் நனிவாபுஷி (இசையோடு கதை சொல்லும் கலை) கூடத்தில் ஒரு காலிப் பணப்பை கைமாறிக்கொண்டே போகிறது. ஒவ்வொருவரும் திறந்து பார்த்துவிட்டுத் தூக்கி எறிகிறார்கள். கிஹாச்சி மட்டும் அது தன்னுடையதைவிடப் பெரியது என்று கண்டு மாற்றிக்கொள்கிறார். ஆளை நமக்குக் காட்டிவிட இதுவே போதும்; வசன அட்டை தேவையில்லை.

உச்சம் அதுவல்ல. படிக்கத் தெரியாத அப்பன் என்று பள்ளிப் பிள்ளைகள் கேலிசெய்ய, மகன் வீட்டுக்கு வந்து அவருடைய செடியின் இலைகளைப் பிய்த்துப் போடுகிறான். அப்பா அடிக்கிறார். பையன் திருப்பி அடிக்கிறான், மறுபடியும் மறுபடியும். ஒரு கட்டத்தில் சகாமோட்டோ தடுப்பதை நிறுத்திவிட்டு வாங்கிக்கொண்டே இருக்கிறார். பையன் டோமியோ ஆவோகி அழுது தீர்க்கும்போது கண் அவன்மேல் போய்விடும். பிடிவாதமாக அப்பாவையே பாருங்கள்.

'உகிகுசா மோனோகதாரி'யில் (1934) நாடகக் குழுத் தலைவர். ஆற்றில் அவரும் மகனும் ஒரே தாளத்தில் தூண்டிலை வீசும் காட்சி எல்லோரும் பேசுவது. எனக்கு அதைவிட சோகோ ஈடாவோடு உட்கார்ந்து பேசும் சாதாரணக் காட்சிகள்தான் உயர்த்தி. 'தோக்யோ நோ யாடோ'வில் (1935) வேலையில்லாத தகப்பன்; பிள்ளைகள் தெருநாய் பிடித்துக் கொடுத்துக் காசு வாங்கினால்தான் சாப்பாடு. இந்த மூன்று கிஹாச்சி படங்களில் இதுதான் இருண்டது, சிரிப்புக்கு அவர் அவசரப்படாததும் இதில்தான்.

ஓசுவோடு நிறுத்திவிடாதீர்கள். இயக்குநர் நருசேயின் 'யோகோதோ நோ யுமே'யில் (1933) அவர் கப்பல் கேப்டன். கிஹாச்சியின் வெகுளித்தனத்தைத் தேடினால் கிடைக்காது. ஓசுவின் 1935-இன் 'ஹகோஇரி முசுமே' இன்று கிடைக்காத படம். முழுப் பிரதி என்று யாராவது விற்றால் வாங்காதீர்கள்.