பல பண்பாடுகளின் பாடல்களைப் பற்றிய நூல்கள் தேவை

அன்பார்ந்த உறுப்பினர்களுக்கு வணக்கம். இலங்கை மலையகத்தின் ஹட்டன் பகுதித் தேயிலைத் தோட்டமொன்றில் நாங்கள் சிலர் நடத்தும் சிறிய வாசகசாலைக்கு, வெவ்வேறு சமூகங்கள் வெவ்வேறு காலங்களில் பாடிய பாடல்களையும் அவற்றின் இசையையும் விளக்கும் நூல்களைத் தேடுகிறேன்.

பழந்தமிழிசைக்கு ஆபிரகாம் பண்டிதரின் ‘கருணாமிர்த சாகரம்’ (1917), விபுலாநந்த அடிகளின் ‘யாழ் நூல்’ (1947) ஆகியவையும், மலையகப் பாடல்களுக்கு சி. வி. வேலுப்பிள்ளையின் தொகுப்பும் உள்ளன. ஆனால், கொழுந்து மலைகளில் நம் மூதாதையர் பாடியவற்றை, சிங்கள விவசாயிகள் இரவில் பரணிலிருந்து பயிரைக் காத்தபடி பாடிய பெல் கவியோடும், அமெரிக்கப் பருத்தித் தோட்டங்களில் அடிமைப்படுத்தப்பட்ட ஆப்பிரிக்கர்களின் வேலைப் பாடல்களோடும் அருகருகே வைத்து ஆராயும் நூலே எனக்கு முதன்மையாக வேண்டும். மலையக நாட்டார் கூத்தான காமன் கூத்துக்குத் தப்புப் பறை அடிக்கும் இளைஞர்கள் எங்கள் வாசகசாலைக்கு வருகிறார்கள். தங்கள் தாளத்துக்கு உலகெங்கும் உறவுகள் உண்டென்பதை அவர்கள் படித்தறிய வேண்டுமென்பது என் பெருவிருப்பம்.

தாலாட்டு, ஒப்பாரி பற்றிய ஒப்பீட்டு நூல்களும் உதவும். தமிழில் இருந்தால் மிக நன்று. எளிய ஆங்கிலமும் போதும். நூலின் பெயரையும் பதிப்பகத்தையும், கண்டியிலோ கொழும்பிலோ அது கிடைக்கும் இடத்தையும் அறிந்தவர்கள் தயவுசெய்து தெரிவியுங்கள்.