கனவு நகரத்தை வரைகிற ஒருவர்: தொழில் தெரிந்தவர்களிடம் ஒரு கேள்வி

வெள்ளவத்தை வாசகி:

வணக்கம். ஒரு குறுநாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். கதாநாயகர் ஒரு படவரைஞர். கொட்டாஞ்சேனையில் மேல்மாடி அறையொன்றில் தனியாக இருக்கிறார். பகலில் காணிகளுக்குப் பிளான் கீறுகிறார். இரவில் கனவில் ஒரே நகரத்துக்குப் போய்வருகிறார். இளவயதில் தொடங்கிச் சாகும்வரை அந்த நகரத்தையும் வரைகிறார். அது கொழும்பு மாதிரியும் இருக்கும், இல்லாத மாதிரியும் இருக்கும். செட்டியார் தெருவில் ஒரு நகைக்கடைக்குள் நுழைந்து பின்கதவால் வெளியே வந்தால் பேர வாவி. திரும்பிப் பார்த்தால் கடை இல்லை.

இப்படி நிலையில்லாத ஊரை, தொழிலை முறையாகக் கற்ற ஒருவர் எப்படி வரைவார்? "வரைந்தார்" என்று ஒரு சொல்லில் தாண்டிப் போக எனக்கு மனம் வரவில்லை. அவர் மேசையில் என்ன இருக்கும், கை என்ன செய்யும், எந்த இடத்தில் மனம் உடைவார்? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

பழைய படவரைஞர்:

தங்கச்சி, நில அளவையாளர் ஒருவரிடம் படவரைஞராக இருந்து ஓய்ந்தவன் நான். உங்கள் ஆளை எனக்குப் பிடித்துவிட்டது.

முதலில் மேசை. ட்ரேசிங் கடதாசி, நான்கு மூலைக்கும் பாரம், முக்கோண ஸ்கேல், றொட்றிங் பேனை. அந்தப் பேனையைக் கழுவாமல் விட்டால் மை காய்ந்து நுனி அடைத்துக்கொள்ளும். எடுத்ததும் காதுக்குப் பக்கத்தில் வைத்துக் குலுக்குவோம். உள்ளே இருக்கிற ஊசி டிக் டிக் என்று ஓடினால் சரி, சத்தம் இல்லையென்றால் கழற்றிக் கழுவவேண்டும். அவர் விடியப்புறம் அந்தச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டு நின்றால் அதற்குள் கனவு கலைந்துவிடும். ஆகவே தலைமாட்டில் பென்சிலும் களப்புத்தகமும்தான் இருக்கவேண்டும். பேனை பிறகு.

உங்கள் கதையின் உயிர் அந்தக் களப்புத்தகத்தில்தான் இருக்கிறது. சங்கிலி போட்டு அளக்கிறபோது பக்கத்தின் நடுவில் இரண்டு கோடு ஓடும். கடைசி வரியிலிருந்து மேல் நோக்கி எழுதுவோம், நடக்கிற திசையில். நடுவில் தூரம், இடது பக்கம் இடப்புறம் கண்ட மதில், மரம், கிணறு, வலது பக்கம் வலப்புறம் கண்டவை. ஊர் முழுக்கத் தெரியத் தேவையில்லை, நடந்த வழி தெரிந்தால் போதும். கனவும் அவ்வளவுதான் காட்டுகிறது.

அடுத்தது, மனம் உடைகிற இடம். சுற்றி அளந்துகொண்டு தொடங்கிய இடத்துக்கே வந்தால், தாளில் கீறும்போது இரண்டு முனையும் சரியாகச் சந்திக்காது. கொஞ்சம் இடைவெளி நிற்கும். அது சின்னது என்றால் எல்லாக் கோடுகளுக்கும் நீளத்துக்கேற்பப் பகிர்ந்து மூடிவிடுவோம். தொழிலில் அது முறையான திருத்தம். கனவில் அந்த இடைவெளி ஒரு சந்தி அகலத்துக்கு இருக்கும். அதையும் பகிர்ந்தால் நேரான தெருவெல்லாம் கோணிப்போகும், நகரம் முழுக்கப் பொய்யாகும். இளவயதில் அவர் பகிர்வார். வயதானபின் இடைவெளியை அப்படியே விடுவார். என்னைக் கேட்டால், அந்த ஆளின் வாழ்க்கை இந்த இரண்டுக்கும் நடுவில்தான் இருக்கிறது.

நிலையான புள்ளி ஒன்றும் வேண்டும். இலங்கையை முக்கோணங்களாகப் பிரித்து அளந்தபோது நீர்கொழும்புப் பக்கம் கந்தவலவிலும் மட்டக்களப்பிலும் அடிக்கோடு போட்டார்கள், அதாவது மற்றத் தூரங்களைக் கணக்கிட முதலில் நிலத்திலேயே அளந்த கோடு. பழைய ஆள்கூறுகள் பீதுறுதாலகால உச்சியை வைத்தே கணக்கிடப்பட்டன. அவருக்கும் ஒரு பீதுறுதாலகால கொடுங்கள்.

மருத்துவ மாணவன்:

அக்கா, ஒரு சின்னச் சேர்க்கை. எலி ஓர் இடத்தில் நிற்கும்போது மட்டும் துடிக்கிற செல்களை அதன் மூளையில் ஜோன் ஓகீஃப் 1971இல் காட்டினார். 2014இல் நோபல் பரிசு கிடைத்தது. எலி பகலில் ஓடிய பாதையின் செல்கள் ஆழ்ந்த உறக்கத்தில் அதே வரிசையில், பல மடங்கு வேகமாக மறுபடி துடிக்கின்றன. உங்கள் ஆள் பகலில் காணி காணியாகத் திரிந்தவர் என்றால் இரவில் அவர் மூளை சும்மா இருக்குமா? இன்னொன்று, கண் அசைகிற கனவு உறக்கம் விடியலை நெருங்க நெருங்க நீளும். அதனால் முன்னிரவில் காண்கிறவை துண்டுத் துண்டாகவும், விடியப்புறத்துத் தெருக்கள் நீளமாகவும் இருக்கட்டும்.

பம்பலப்பிட்டி ஆசிரியை:

பாதையை மட்டும் வரைகிற படம் புதிதல்ல, பிள்ளை. வியன்னாவில் பொய்ட்டிங்கர் படம் என்று ஒன்று இருக்கிறது. உரோமர் காலத்து வீதிகளைக் காட்டும் படத்தின் மத்தியகாலப் பிரதி. உயரம் 34 சென்ரிமீற்றர், நீளமோ ஏறக்குறைய 7 மீற்றர். கடல்கள் நசுங்கி வாய்க்காலாகக் கிடக்கும், ஆனால் ஊருக்கு ஊர் தூரம் எழுதியிருக்கும். கிழக்கு ஓரத்தில் நம் தீவும் தப்ரபேன் என்ற பெயரில் இருக்கிறது. உங்கள் ஆளின் படமும் சுருளாக இருந்தால் அந்த மேல்மாடி அறையில் விரித்து முடியாது. அவர் தன் நகரத்தை முழுதாக ஒருநாளும் பார்க்கமாட்டார்.

ஓர் எச்சரிக்கையும். ஜேம்ஸ் ரெனல் வங்காளத்தை அளந்த பெரிய ஆள். 1798இல் அவர் மேற்கு ஆபிரிக்காவின் குறுக்கே கொங் மலைத்தொடர் என்று ஒன்றைக் கீறிவிட்டார். கிட்டத்தட்ட ஒரு நூற்றாண்டு மற்றவர்கள் அதைப் பார்த்துப் பார்த்துக் கீறினார்கள். 1880களின் கடைசியில் பாஞ்சே என்ற பிரெஞ்சுக்காரர் அங்கே போய்ப் பார்த்தால் மலையே இல்லை. உங்கள் ஆளின் தாளை யாரும் நிஜமென்று எடுத்துக்கொண்டு போகிற அத்தியாயம் ஒன்று கட்டாயம் வேண்டும்.

வெள்ளவத்தை வாசகி:

எல்லோருக்கும் நன்றி. நிலையான புள்ளி கிடைத்துவிட்டது: கோட்டை மணிக்கூட்டுக் கோபுரம். 1857இல் கட்டியது, பிறகு வெளிச்சவீடாகவும் இருந்தது. சுற்றிக் கட்டடங்கள் எழும்பி ஒளியை மறைத்ததால் 1952இல் விளக்கை நிறுத்திவிட்டார்கள். அவர் கனவில் விளக்கு எரியும். அப்படியென்றால் கரையும் பழைய கரையா? துறைமுக நகரத்துக்காகக் கடலை நிரப்பிய 269 ஹெக்டேயரை என்ன செய்வது?

பழைய படவரைஞர்:

கடலாகவே விடுங்கள், தங்கச்சி. விளக்கு எரிகிறது என்றால் கோபுரத்திலிருந்து தண்ணீர் தெரியத்தான் வேண்டும். நகரம் மாறுகிற ஒவ்வொரு முறையும் பழைய தாளின் மேல் புதுத் தாளை விரித்து, மாறியதை மட்டும் கீறித் திகதி போடட்டும். பழையதை அழிக்கக்கூடாது. காணிப் பிளானிலும் அதுதான் ஒழுங்கு, வழக்கு வந்தால் பழைய எல்லையைத்தான் முதலில் கேட்பார்கள்.

அவர் எந்த வருசம் வேலை தொடங்கினார் என்று எழுதுங்கள். அந்தக் காலத்து ஆள் என்றால் சங்கிலி 66 அடி, நூறு இணைப்பு. காணி ஏக்கர், ரூட், பேர்ச். பிந்திய ஆள் என்றால் மீற்றர். களப்புத்தகத்தில் எந்த இலக்கம் வரவேண்டும் என்று பிறகு சொல்கிறேன்.