மொய்சனைட் மோதிரத்தைச் சின்னதாக்கியவர்கள் யாராவது இருக்கிறீர்களா?

வணக்கம். கல்யாண நாளன்று அவர் போட்டுவிட்ட, மொய்சனைட் (வைரம் போல மின்னும் ஒரு கல்) பதித்த வெள்ளைத் தங்க மோதிரம் இப்போது விரலில் நிற்கவே மாட்டேன் என்கிறது. கை கழுவும்போது சோப்பு நுரையோடு நழுவி, இரண்டு முறை வாஷ்பேசின் ஓட்டை வரை போய்விட்டது. பதறிப்போனேன்.

ஒன்றரை சைஸ் குறைக்க வேண்டும். மொய்சனைட் நல்ல சூடு தாங்கும், கற்களின் கடினத்தைச் சொல்லும் மோஸ் அளவில் பத்துக்கு 9.25, அதனால் நடுக்கல்லைப் பற்றிக் கவலையில்லை. பயமெல்லாம் வளையத்தின் பாதி வரை பதித்திருக்கும் பொடிக்கற்களுக்காகத்தான். வெட்டி, வளைத்துப் பற்றவைக்கும்போது அவை தளர்ந்துவிடலாம். அப்புறம் வெள்ளைத் தங்கத்துக்குப் பளிச்சென்ற வெண்மை தரும் ரோடியம் முலாமும் மறுபடி பூச வேண்டும்.

வெட்டாமலே, மோதிரம் நழுவாமல் இருக்க வளையத்தின் உள்பக்கம் இரண்டு சின்னத் தங்க மணிகள் வைத்தவர்கள் தயவுசெய்து சொல்லுங்கள்: விரலில் உறுத்துகிறதா? சாயங்காலம் விரல் லேசாக உப்பும்போது கழற்ற வருகிறதா?