ஸ்பூலர்: ‘சுருளி’யா, ‘அச்சுத்தேக்கி’யா?

வணக்கம். கணினியில் அச்சு வேலைகளைக் கையாளும் ‘பிரிண்ட் ஸ்பூலர்’ என்ற மென்பொருளுக்குத் தமிழில் என்ன பெயர் வைக்கலாம் என்ற பேச்சில் வந்த கேள்விகளுக்கு என் பதில் இது.

> ஸ்பூல் என்றால் நூற்கண்டு. ‘சுருளி’ என்றே வைத்துவிடலாமே.

நூற்கண்டு சரிதான். ஆனால் இந்த மென்பொருள் எதையும் சுற்றுவதில்லை. அச்சிட வேண்டிய பக்கங்கள் கணினியிலிருந்து சடசடவென்று வந்து விழும். இங்க்ஜெட் பிரிண்டரோ மெதுவாகத்தான் அச்சிடும். வந்ததைக் கணினியின் வட்டில் வாங்கி வைத்துக்கொண்டு, பொறி கேட்கக் கேட்க விடுவதுதான் இதன் வேலை. கண்மாய் மழைநீரை வாங்கி மடை வழியே வயலுக்கு விடுவது போல. அதனால் ‘அச்சுத்தேக்கி’ என்கிறேன். கெப்பாசிட்டருக்கு ‘மின்தேக்கி’ பாடநூலிலேயே இருக்கிறது.

போன வாரம் எங்கள் வீட்டுப் பழைய ஆல்-இன்-ஒன் பிரிண்டரில் ஒரு பக்கம் பாதியில் நின்றது. ரத்து செய்தால் ‘டெலீட்டிங்’ என்றே காட்டிக்கொண்டிருந்தது. அப்பா பிரிண்டரை நாலைந்து முறை அணைத்துப் போட்டுப் பார்த்தார். ஆனால் கண்ணாடியில் தாளை வைத்து நகல் பொத்தானை அழுத்தினால் பளிச்சென்று வந்தது. அப்படியென்றால் மை, ஹெட், உருளை எல்லாம் நலம், அடைப்பு கணினிக்குள். விண்டோஸ் சர்வீசஸ் பட்டியலில் பிரிண்ட் ஸ்பூலரை நிறுத்தி, சிஸ்டம்32-க்குள் ‘ஸ்பூல்’, அதற்குள் ‘பிரிண்டர்ஸ்’ என்ற அடைவில் கிடந்த கோப்புகளை அழித்து, மறுபடி தொடங்கினேன். அச்சு வந்துவிட்டது.

அப்பாவுக்கு ஸ்பூலர் என்ற சொல் எதையும் சொல்லவில்லை. “கணினிக்குள் ஒரு தேக்கி இருக்கிறது, பழைய பக்கம் அதில் அடைத்துக் கிடந்தது” என்றதும், “அப்ப பிரிண்டரை அணைத்து என்ன பயன்?” என்று அவரே கேட்டார். கோளாறு எங்கே என்று சொல்லே காட்டிக்கொடுத்துவிட்டது. எனக்கு இதைவிடப் பெரிய காரணம் வேண்டாம்.

> ‘அச்சு வரிசை’ போதாதா?

போதாது. அது க்யூ. தேக்கிக்குள் காத்திருப்பவை வரிசை. வாங்கி வைத்து விடுவது தேக்கி. இரண்டும் வேண்டும்.

கணினி பிரிண்டரோடு பேச உதவும் மென்பொருளான டிரைவருக்கு ‘இயக்கி’ பரவிவிட்டது, அதைத் தொட வேண்டாம். உண்மையில் அது செய்வது மொழிபெயர்ப்பு. மலிவான இங்க்ஜெட்கள் பலவற்றில் பக்கத்தைப் புள்ளிகளாக மாற்றுவதே கணினியில் உள்ள இயக்கிதான். 32-பிட் விண்டோஸுக்கு எழுதிய இயக்கி 64-பிட்டில் ஏறாது; பழைய பொறிகள் பல முடங்குவது இங்கேதான். அப்புறம், பல ஆல்-இன்-ஒன்களில் ஸ்கேனருக்குத் தனி இயக்கி உண்டு. ஒன்று கெட்டாலும் மற்றது ஓடும். ஆகவே ‘அச்சு இயக்கி’, ‘வருடி இயக்கி’ என்று பிரித்தே எழுதுவோம்.

ஸ்பூலிங் என்ற வினைக்கு ‘தேக்கல்’ என்றால் விடுவது விடுபட்டுப் போகிறது. ‘தேக்கிவிடல்’ சரியாக வருமா? சொல்லுங்கள்.